கேள்வியையும் சேர்த்துச் சொல்

என் கேமராவுக்கு முன்னால் உட்காருகிற எவருக்கும் நான் முதலில் சொல்லிக்கொடுக்கிற பாடம் ஒன்றுதான். பதில் சொல்லும்போது கேள்வியையும் சேர்த்துச் சொல்லுங்கள். எங்கே இருக்கிறீர்கள் என்று கேட்டால் "பூன் லே" என்று சொல்வது எனக்கு உதவாது. "நான் பூன் லேயில் இருக்கிறேன்" என்று சொல்ல வேண்டும். ஆவணப்படத்தில் கேட்பவரின் குரல் வராது, வெட்டி எறிந்துவிடுவோம். "ஆமா", "இல்ல" என்று மொட்டையாக நிற்கிற பதில்களை வைத்துக்கொண்டு எடிட்டிங்கில் ஒன்றும் செய்ய முடியாது. இரண்டாவது பாடம், லென்ஸைப் பார்க்கக் கூடாது. கேமராவை ஒட்டி உட்கார்ந்திருக்கும் என் காதைப் பார்த்துப் பேச வேண்டும்.

சொல்வதற்கு எளிது. சிங்கப்பூரின் தேக்காவில் என் எடிட்டிங் அறைக்குக் கீழே பூக்கடை வைத்திருக்கும் அக்காவை ஒருமுறை சின்னதாகப் பேட்டி எடுத்தேன்.

"பூ கட்ட யாரு அக்கா சொல்லிக்குடுத்தாங்க?"

"எங்கம்மாதான் லா."

"கேள்வியையும் சேர்த்துச் சொல்லுங்கக்கா."

"எங்கம்மாதான் லா. இப்பதானே சொன்னேன்."

அரைநாள் இப்படியே போயிற்று. கடைசியில் அவருக்குப் பொறுமை போய்விட்டது. "நீ கேக்குறதையும் நானே கேட்டு, பதிலையும் நானே சொல்லணும்னா, நீ எதுக்கு இங்க உக்காந்திருக்க?" என்றார். நான் விழுந்து விழுந்து சிரித்தேன். நண்பர்கள் கூடும் இடங்களில் எல்லாம் அந்தக் கதையைச் சொல்லியிருக்கிறேன்.

என் மகளுக்கு இந்தப் பாடம் நாலு வயதிலேயே கைவந்துவிட்டது. பாலர் பள்ளியில் டீச்சர் அவளிடம் சாப்பிட்டாயா என்று கேட்டிருக்கிறார். "நான் சாப்பிட்டேன், ஏன் சாப்பிட்டேன்னா எனக்குப் பசிச்சது" என்று இவள் முழு வாக்கியமாகச் சொல்லியிருக்கிறாள். அன்று அழைத்துவரப் போனபோது டீச்சர் வாயெல்லாம் பல்லாக இதைச் சொன்னார். எனக்குப் பெருமை பிடிபடவில்லை.

நான் சிறுபிள்ளைகளையும் அவர்கள் வரைகிற படங்களையும் பற்றி ஆவணப்படம் எடுக்கிறவள். பிறக்கும்போதே அப்படிப் பிறக்கவில்லை. தொலைக்காட்சியில் தீபாவளி ஒளியூட்டு, சமையல் போட்டி, தைப்பூசம் என்று ஓடிக்கொண்டிருந்தேன். புக்கிட் பாஞ்சாங்கில் ஓர் அடுக்குமாடி புளோக்கின் கீழ்த்தளத்தில் நடந்த ஓவிய வகுப்பைப் படமெடுக்க அனுப்பினார்கள். மூன்று நிமிடச் செய்தி. நான் அங்கேயே உட்கார்ந்துவிட்டேன். ஒரு பிள்ளை தன் வீட்டை வரையும்போது எதை முதலில் வரைகிறது, எதை விட்டுவிடுகிறது என்று பார்த்தால் வேறு எதையும் பார்க்கத் தோன்றாது. வேலையை விட்டேன். வீட்டில் எல்லாரும் தலையில் அடித்துக்கொண்டார்கள்.

எனக்குப் பெயர் வாங்கிக்கொடுத்தது இரண்டாவது படம். ஞாயிற்றுக்கிழமைகளில் தேக்காவில் கூடும் தமிழ்நாட்டுத் தொழிலாளர்களிடம், ஊரில் இருக்கும் அவர்களுடைய பிள்ளைகளை அப்பாவை வரைந்து அனுப்பச் சொல்லிக் கேட்டேன். படங்கள் போனில் வந்து குவிந்தன. சிறிய பிள்ளைகள் வரைந்த அப்பாக்களில் ஒருவருக்கும் கால் இல்லை. தலை, தோள், மார்புவரை. சுற்றி ஒரு சட்டம். வீடியோ அழைப்பில் எவ்வளவு தெரியுமோ அவ்வளவுதான் அப்பா. கப்பல் பட்டறையில் வேலை பார்க்கும் ஒருவர் தன் மகன் வரைந்ததைப் பார்த்துவிட்டு, "என் கால் எப்படி இருக்கும்னே அவனுக்குத் தெரியாது மேடம்" என்று சொல்லிச் சிரித்தார். பிறகு முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

அந்தப் படத்தைத் திரையிட்ட ஓர் அரங்கில் ஒருவர் எழுந்து, இந்தப் பிள்ளைகள் எந்த வயதில் வரைவதை நிறுத்துவார்கள் என்று கேட்டார். எனக்குப் பதில் தெரியவில்லை. எல்லாப் பிள்ளைகளும் வரைகிறார்கள். பத்து, பதினொன்றில் பெரும்பாலானவர்கள் பென்சிலை வைத்துவிடுகிறார்கள். அந்த வைக்கிற கணத்தை யாரும் பார்ப்பதில்லை. அதைப் பார்த்துவிட வேண்டும் என்று எனக்கு வெறி பிடித்தது. என் மகளுக்கு அப்போது மூன்று வயது. கிறுக்காத சுவர் எங்கள் வீட்டில் இல்லை. வீட்டிலேயே ஆள் இருக்கும்போது நான் ஏன் வெளியே தேட வேண்டும்?

இப்படித்தான் மூன்றாவது படம் தொடங்கியது. அவள் வளர வளர எடுப்பது, அவள் நிறுத்தும்போது நான் நிறுத்துவது. நிறுத்தாமலே இருந்துவிட்டால் படத்துக்குக் கடைசிக் காட்சி கிடையாது. அப்படியென்றால் நான் இத்தனை வருடம் எதற்காகக் காத்திருந்தேன் என்பதை நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள். அப்போது நான் அதை யோசிக்கவில்லை. யோசித்திருந்தாலும் நிறுத்தியிருப்பேனா என்று தெரியாது.

பொங்கோலில் எங்கள் வீட்டு ஜன்னலிலிருந்து பார்த்தால் எல்ஆர்டி தெரியும். ஓட்டுநர் இல்லாமல் ஓடும் குட்டி ரயில். ஐந்து வயதில் அவள் வரைந்த ரயில்கள் ஒவ்வொன்றிலும் முன்னால் ஒருவர் உட்கார்ந்திருப்பார். யார் இது என்று கேட்டேன்.

"பாவம் லா, ரயிலு தனியா போகுது."

கேமரா ஓடிக்கொண்டிருந்தது. ஆனால் அடுப்படியில் சலவை இயந்திரம் சுற்றுகிற சத்தம் உள்ளே விழுந்துவிட்டது. போய் அதை நிறுத்திவிட்டு வந்து, "இன்னொரு தடவ சொல்லு பாப்பா, கேள்வியையும் சேர்த்து" என்றேன். என் காதைப் பார்த்துக்கொண்டு அழகாகச் சொன்னாள்: "நான் ஏன் டிரைவர வரைஞ்சேன்னா, ரயில் தனியா போறதப் பாத்தா எனக்குப் பாவமா இருந்துச்சு." படத்தில் இருப்பது அதுதான். எடிட்டிங் அறையில் போட்டுக்காட்டியபோது பார்த்த நண்பர்கள் எல்லாரும் அந்த இடத்தில் உருகிப்போனார்கள்.

என் கணவர் திருச்சிக்காரர், இங்கே ஒரு வங்கியின் கணினிப் பிரிவில் வேலை. அதிகம் பேசாத மனிதர். ஒருநாள் மட்டும் கேட்டார்.

"அவ வரையறப்போ நீ சும்மா உக்காந்து பாத்ததே இல்லையா?"

"பாத்துக்கிட்டுத்தானே இருக்கேன்."

"கேமரா பாக்குது."

"உங்க பேங்க்லயும் கம்ப்யூட்டர்தான் வேல பாக்குது. சம்பளம் நீங்கதானே வாங்குறீங்க?" என்றேன். மனுஷன் அதோடு எழுந்து போய்விட்டார். வாயில் என்னை ஜெயிக்க அந்த வீட்டில் ஆள் இல்லை.

தொடக்கநிலை ஐந்தாம் வகுப்பு முடிந்த வருடக் கடைசி விடுமுறையில் அது நடந்தது. காலையில் அவளே வந்து, "மா, இன்னைக்கு என் மேசைய க்ளியர் பண்ணப் போறேன், எடுக்குறீங்களா?" என்று கேட்டாள். கிரேயான்களையும் வண்ணப் பென்சில்களையும் ஒரு பெட்டியில் அடுக்கினாள். பக்கத்து வீட்டுச் சிறுமியிடம் கொண்டுபோய்க் கொடுத்தாள். திரும்பி வந்து கதவைச் சாத்திவிட்டு, என் காதைப் பார்த்துச் சொன்னாள்: "நான் ஏன் இனிமே வரைய வேணாம்னு முடிவு பண்ணேன்னா, எனக்கு அதுல இருந்த ஆச போயிடுச்சு."

ஜன்னல் வெளிச்சம் அவள் கன்னத்தில் சரியாக விழுந்திருந்தது. ஃபோகஸ் சரிதானா என்று மட்டும் பார்த்துக்கொண்டேன். வெளியே வந்து எடிட்டருக்குப் போன் போட்டு நான் சொன்ன முதல் வார்த்தை, "கெடச்சிடுச்சு." சென்னையிலிருந்து வந்த இளைஞர் அவர், என்னை அக்கா என்றுதான் கூப்பிடுவார். "சூப்பர்க்கா" என்றார். அடுத்த இரண்டு மாதங்களில் படத்தை ஏறக்குறைய முடித்துவிட்டோம். தொலைக்காட்சி நிலையம் ஒன்று ஒளிபரப்ப ஏற்றுக்கொண்டது.

மார்ச்சில் பள்ளியில் பெற்றோர் சந்திப்பு. மகளும் என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள். வகுப்பாசிரியர் கணிதத்தைப் பற்றிக் கவலைப்பட்டு முடித்ததும், ஓவிய ஆசிரியை தானாகவே எங்களைத் தேடி வந்தார். சீனப் பெண்மணி, நாற்பது வயதிருக்கும், முகமெல்லாம் சந்தோஷம். உங்கள் மகள் இடைவேளை தவறாமல் ஓவிய அறைக்கு வந்துவிடுகிறாள், இந்தப் பள்ளியில் இப்படி வரைகிற பிள்ளையை நான் பார்த்ததில்லை என்றார். தேர்வு முடிவுக்குக் காத்திராமல் திறமையைப் பார்த்து உயர்நிலைப் பள்ளிகளில் இடம் கொடுக்கும் நேரடிச் சேர்க்கைக்கு அவளை விண்ணப்பிக்கச் சொல்லுங்கள் என்றார். கையில் தடித்த கோப்பு ஒன்று இருந்தது. எனக்குக் காட்ட அதைத் திறக்கப் போனார். என் மகள் எட்டி, உள்ளங்கையை அதன்மேல் வைத்து அழுத்திக்கொண்டாள்.

ஆசிரியை அதை வெட்கம் என்று எடுத்துக்கொண்டார். "அம்மாவுக்கு இன்னும் காட்டவில்லையா?" என்று ஆங்கிலத்தில் கேட்டுச் சிரித்தார். ஏதோ தலையாட்டிவிட்டு எழுந்தேன்.

வீட்டுக்குப் போகும் எல்ஆர்டியில் அவள் முன்கண்ணாடியோரம் நின்றுகொண்டாள். ஏதாவது கேட்டால் கத்திவிடுவேன் என்று தெரிந்து, நான் கதவோரமே நின்றுகொண்டேன். வீட்டில் கணவர் கொய்யாப்பழம் நறுக்கிக்கொண்டிருந்தார்.

"இவ ஸ்கூல்ல தினம் வரையறாளாம். உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியும்."

"எப்பலேருந்து?"

"அவ நிறுத்தவே இல்லையே."

ஸ்கெட்ச் புத்தகங்களை வாங்கிக்கொடுப்பதே அவர்தான். டியூஷன் முடிந்து திரும்பும்போது உணவங்காடியில் உட்கார்ந்து இருவரும் பார்ப்பார்களாம். என்னிடம் ஏன் சொல்லவில்லை என்று கேட்டேன். "சொல்லாதீங்கன்னு கேட்டுக்கிட்டா" என்றார், பழத்தட்டை என் பக்கம் நகர்த்தி. அந்தத் தட்டைத் தூக்கி எறியலாமா என்றிருந்தது. என்ன வரைகிறாள் என்று கேட்டதற்கு, "அவகிட்டயே கேளு" என்று சொல்லிவிட்டார்.

அவள் அறைக்குப் போனேன். கட்டிலில் உட்கார்ந்திருந்தாள்.

"ஏன் பாப்பா?"

அவள் நிமிர்ந்து உட்கார்ந்தாள். பார்வை என் காதுக்குப் போயிற்று. "நான் ஏன் வீட்ல வரையறத நிறுத்துனேன்னா, உங்க படத்துக்கு ஒரு முடிவு வேணும். நான் நிறுத்துனாத்தான் படம் முடியும். படம் முடிஞ்சாத்தான் நான் வரைய முடியும்."

திக்கல் இல்லை, திணறல் இல்லை. அப்படியே எடுத்து ஒட்டலாம். கேமரா கையில் இல்லையே என்று ஒரு கணம் நினைத்தேன். படிக்கிறவர்கள் திட்டிக்கொள்ளலாம், நானும் திட்டிக்கொண்டேன்.

பல நாள் எனக்கு அவள்மேல் கோபம்தான் இருந்தது. துக்கம் எல்லாம் பிறகு வந்தது. என்னை ஏமாற்றிவிட்டாள், என் எட்டு வருட உழைப்பை நாடகமாக்கிவிட்டாள் என்று உள்ளுக்குள் பொருமினேன். பிள்ளைகளின் முகத்தில் பொய் எது, நிஜம் எது என்று கண்டுபிடிப்பதுதான் என் தொழில். அன்று கதவைச் சாத்திவிட்டு அவள் சொன்னதை நான் துளிகூடச் சந்தேகப்படவில்லை. அது நடிப்பென்றால் மற்றவை எல்லாம் என்ன? ரயில் பாவம் என்று மறுமுறை சொன்னது? அழகாகச் சொன்னாள் என்று நான் எடுத்து வைத்துக்கொண்ட அத்தனையும்? எடிட்டிங் அறையில் உட்கார்ந்து பழைய பதிவுகளைத் திரும்பத் திரும்ப ஓட்டினேன். வயது ஏற ஏற அவள் பதில்கள் மெருகேறிக்கொண்டே போயின. அவள் குழந்தையாகப் பேசியது எல்லாம் நான் வேண்டாம் என்று ஒதுக்கிய பதிவுகளில்தான் கிடந்தது.

நேரடிச் சேர்க்கைக்கு விண்ணப்பிக்கும் நாள் நெருங்கியது. அதையாவது அவளுக்குச் செய்துகொடுக்க வேண்டும் என்று தவித்தேன். நானும் என் கணவரும் மாறி மாறிச் சொல்லிப் பார்த்தோம்.

"அதுல இன்டர்வியூ இருக்கா?" என்று கேட்டாள்.

இருக்கிறது என்றேன். நாலு பேர் உட்கார்ந்து அவள் வரைந்தவற்றைப் பற்றிக் கேட்பார்கள். பயப்பட ஒன்றுமில்லை, உனக்குப் பேசத் தெரியாதா என்றேன். அவள் மறுபடி என் காதைப் பார்த்தாள்.

"நான் ஏன் அப்ளை பண்ண விரும்பலன்னா, அவங்க கேள்வி கேப்பாங்க. நான் நல்லா பதில் சொல்லிடுவேன். சொன்னதுக்கப்புறம் நான் வரைஞ்ச அந்தப் படம் எனக்குப் பிடிக்காமப் போயிடும்."

விண்ணப்ப நாள் முடிந்துபோனது. ஓவிய ஆசிரியை என்னை அழைத்து, வீட்டில் ஏதாவது பிரச்சினையா என்று தயங்கிக்கொண்டே கேட்டார். இல்லை என்று சொன்னேன். வேறு என்ன சொல்வது? போனை வைத்துவிட்டு அடுப்படியில் நின்று அழுதேன்.

ஆவணப்படம் எடிட்டிங் அறையில் காத்திருந்தது. ஒளிபரப்புக்கு நாள் குறித்துவிட்டார்கள். அதன் முடிவு பொய் என்று எடிட்டரிடம் சொன்னேன்.

"யாருக்குக்கா தெரியப்போகுது?"

"அவளுக்குத் தெரியும்."

அவர் நாற்காலியை என் பக்கம் திருப்பினார். "அப்ப இதையே எடுத்துருங்க. ஸ்கூல்ல வரையறது, உங்ககிட்ட மறைச்சது, எல்லாம். இதவிடப் பெரிய க்ளைமாக்ஸ் கெடைக்காது" என்றார். கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. அவர் இடத்தில் நான் இருந்தால் நானும் அதையேதான் சொல்லியிருப்பேன். உண்மையில் ஒரு வாரம் மனதுக்குள் அந்தக் காட்சிகளை நான் எடுத்துக்கொண்டுதான் இருந்தேன். ஓவிய அறையின் வாசலில் கேமராவை எங்கே வைப்பது என்பதுவரை யோசித்துவிட்டேன். அங்கே கேமரா போனால் அந்த அறையும் அவளுக்குப் போய்விடும் என்பது தெரிந்தும்தான்.

ஜூன் விடுமுறையில் ஒரு சனிக்கிழமை மதியம் அவளை எடிட்டிங் அறைக்கு வரச் சொன்னேன். படத்தை அவள் முழுதாகப் பார்த்ததே இல்லை. அவளுடைய அப்பா மேலே வரவில்லை, கீழே தேநீர் குடித்துக்கொண்டு நின்றுகொண்டார். எடிட்டர் நாற்காலியை அவளுக்குக் கொடுத்துவிட்டு ஓட்டினார். சுவரில் கிறுக்கும் மூன்று வயதுக்காரியைப் பார்த்துச் சிரித்தாள். ரயில் வந்தபோது சிரிக்கவில்லை. கடைசியில் கிரேயான் பெட்டி, பக்கத்து வீடு, கதவு, வெளிச்சம். திரை கறுத்தது.

"மா, கடைசில கட் சீக்கிரம் வந்துடுச்சு. நான் பேசி முடிச்சப்புறம் இன்னும் கொஞ்சம் நிக்கலாம்" என்றாள்.

சரியான யோசனை. எடிட்டரின் கை தானாக மவுஸுக்குப் போனது. பிறகு என் முகத்தைப் பார்த்துவிட்டுக் கையை எடுத்துக்கொண்டார். பன்னிரண்டு வயதுப் பிள்ளை, தான் அடக்கிக்கொண்ட ஆசையை எங்கே வெட்டலாம் என்று சொல்லிக்கொடுக்கிறது.

"இந்தப் படத்த வெளியிடட்டுமா? நீ என்ன சொன்னாலும் சரி" என்றேன்.

அவள் நிமிர்ந்தாள். பார்வை என் காதுக்கு வந்தது. "இந்தப் படத்த வெளியிடுறதப் பத்தி நான் என்ன நெனைக்கிறேன்னா..." என்று தொடங்கி நின்றுவிட்டாள். பேட்டியில் ஒருவர் இப்படி நின்றால் நாங்கள் பேச மாட்டோம். அந்த அமைதி தாங்காமல் அவர்களே எதையாவது கொட்டிவிடுவார்கள். நான் இருபது வருடமாகச் செய்கிற தந்திரம் அது. அன்று என்னால் முடியவில்லை.

"கேள்விய விட்டுடு பாப்பா," என்றேன். "நான்தானே கேட்டேன். எனக்குத் தெரியும்."

அவள் பார்வை காதிலிருந்து நகர்ந்து என் கண்ணுக்கு வந்தது. உதடு கோணியது.

"வேணாம்மா."

எடிட்டர் எழுந்து வெளியே போய்விட்டார். நான் அவளைக் கட்டிக்கொண்டேன். அவள் கொஞ்சம் விறைத்தாற்போல் நின்றாள், ஆனால் விலகவில்லை. திங்கட்கிழமை நிலையத்துக்குத் தகவல் சொன்னேன். காரணம் கேட்டார்கள். மகள் வேண்டாம் என்றுவிட்டாள் என்றேன். எதற்காக என்று மறுபடி கேட்டார்கள். அதையேதான் மறுபடியும் சொன்னேன். அவர்கள் அதன்பிறகு என்னை அழைக்கவில்லை.

அவள் இப்போது வீட்டருகே ஒரு சாதாரண உயர்நிலைப் பள்ளியில் படிக்கிறாள். சாப்பிட்டியா என்றால் "ம்". பள்ளி எப்படி என்றால் "ஓகே லா". எங்கே கிளம்பிவிட்டாய் என்றால் "கீழ". வாயிலிருந்து முழு வாக்கியம் வரமாட்டேன் என்கிறது என்று மற்ற அம்மாக்கள் புலம்புவார்கள். நான் கூடச் சேர்ந்து புலம்புவதில்லை.

மதியங்களில் அவள் அறைக்குள்ளிருந்து பென்சில் சீவுகிற சத்தம் கேட்கும். அவள் வரைந்தவற்றில் ஒன்றைக்கூட நான் இன்னும் பார்க்கவில்லை. அம்மாவுக்கு ஒன்று காட்டேன் என்று கேட்க நாக்கு நுனிவரை வரும். கேட்டால் அவள் நிமிர்ந்து உட்கார்ந்து, என் காதைப் பார்த்து, ஏன் காட்டவில்லை என்று அழகாகச் சொல்லிவிடுவாளோ என்று பயமாக இருக்கிறது. கேட்காமல் அடுப்படிக்குப் போய்விடுகிறேன்.